விருந்துக்கு ஒலி சேர்த்தவள்

திரையில் விருந்தாளிகள் எல்லோரும் மேசையை விட்டு எழுந்து போய்விட்டார்கள். ஆனாலும் யாரோ மென்றுகொண்டிருக்கும் சத்தம் மட்டும் ஹெட்போனில் ஓயவில்லை.

தப்பு தன்னுடையதுதான் என்று அவள் நினைத்தாள். அக்கா எடுக்கும் பஞ்ச காலத்தைப் பற்றிய ஆவணப்படத்துக்கு ஒலி சேர்ப்பது அவள் வேலை. ஊரே பட்டினியில் சுருண்டு கிடந்த வருஷத்தில் ஒரு பணக்காரர் தன் வீட்டு விருந்தைப் பெருமையாகப் படம்பிடித்து வைத்திருந்தார். ஊமைப் படம். அதில் தெரியும் ஒவ்வொரு வாய்க்கும் அவள்தான் காலையிலிருந்து மைக்கின் முன்னால் உட்கார்ந்து, தண்ணீரில் ஊறிய ரொட்டியையும் கொழகொழத்த பழத்தையும் மென்று மென்று சத்தம் கொடுத்துக்கொண்டிருந்தாள். மோவாயில் கொழுப்பு வழிய, பல்லிடுக்கில் சிக்கிய சதையை விரலால் தோண்டியெடுத்து, உற்றுப் பார்த்துவிட்டு, மறுபடி வாய்க்குள்ளேயே போட்டுக்கொள்ளும் அந்த மனிதர்களைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்து, அவர்கள் வாயசைவுக்குத் தன் வாயைப் பொருத்தினாள். ஜன்னலில்லாத அந்தச் சின்ன அறை முழுக்க எச்சில் நாற்றம்.

மதியம் அக்கா எட்டிப் பார்த்துச் சிரித்தாள். "விருந்துக்கு வந்தவங்கள விட நீதான்டி ஜாஸ்தி தின்னுருக்க."

இப்போது அவள் ஒலித்தடங்களை ஒவ்வொன்றாக அணைத்தாள். சளப். சளப். கடைசித் தடமும் அணைந்தது. சளப். ஹெட்போனைக் கழற்றி வைத்தாள்.

சத்தம் இன்னும் கிட்டத்தில் கேட்டது.

கன்னத்தைத் தொட்டுப் பார்த்தாள். அவள் தாடைதான் அசைந்துகொண்டிருந்தது.

நிறுத்தப் பார்த்தாள். முடியவில்லை. இரண்டு கையாலும் மோவாயை அழுத்திப் பிடித்தாள். தாடை கைகளையும் சேர்த்து ஏற்றி இறக்கியது. வாய்க்குள் ஏதோ இருந்தது. ரொட்டியில்லை. இளஞ்சூடாக. நரம்போடியதாக. கடிக்கக் கடிக்க வழுக்கிக்கொண்டு. அதில் ஒரு முடி. துப்பப் பார்த்தாள். அந்த வாய்க்குத் துப்பத் தெரியவில்லை.

கதவு திறந்தது.

"இன்னுமா மெல்லுற?" அக்கா பக்கத்தில் வந்தாள். தங்கையின் கண்ணைப் பார்த்ததும் சிரிப்பு அடங்கியது. "ஏய், என்னாச்சு? தொண்டையில சிக்கிக்கிச்சா? துப்புடி!"

அவள் கண்ணீர் விட்டாள். மென்றாள்.

"பயப்படாத, நான் எடுத்துவிடறேன். சின்ன வயசுல நீ மண்ணத் தின்னப்பல்லாம் நான்தான விரல விட்டு நோண்டி எடுப்பேன்?"

மெல்லுவது சட்டென்று நின்றது. அறையில் ஒரு சத்தமும் இல்லை. தாடை தானாக இறங்கியது. அகலமாக. இன்னும் அகலமாக. வேண்டாம் என்று தலையாட்டப் பார்த்தாள். கழுத்து அசையவில்லை. அக்கா என்று கூப்பிட நாக்கு எழவில்லை. அது அடியில் பதுங்கிப் படுத்து வழிவிட்டது.

"அப்படித்தான்டா. நல்லா தொற."

அக்காவின் இரண்டு விரல்கள் உள்ளே வந்தன. கணு வரைக்கும்.

அவளுக்கு வாய் ஊறியது.