இருநூற்று எண்பது பொட்டலம்

திருச்சுழியில் ஆறாம் வகுப்புப் படித்த முத்துப்பேச்சிக்கு, பக்கத்தில் உட்காரும் வெங்கடலட்சுமியைக் கண்டாலே ஆகாது. வெங்கடலட்சுமி ஒரு கெடுதலும் செய்ததில்லை. எந்தக் கணக்கையும் முதலில் முடித்துக் கையைத் தூக்குவாள், அவ்வளவுதான். "சபாஷ்!" என்பார் ராஜகுரு சார். முத்துப்பேச்சிக்கு வயிறு எரியும்.

ஒரு நாள் வகுப்பில் அவசரக் கணக்கு ஒன்று வந்தது. மறுநாள் அவர்கள் பள்ளியில் விளையாட்டுப் போட்டி. பத்தொன்பது பள்ளிகள் வருகின்றன. பள்ளிக்கு இருபத்தெட்டுப் பிள்ளைகள். ஆளுக்கு ஒரு சேவுப் பொட்டலம்.

"மொத்தம் எத்தன பொட்டலம்? சீக்கிரம்! வாங்கியார பெரிய சார் அருப்புக்கோட்டை பஸ்ஸுக்குக் கெளம்புறாக" என்றார் ராஜகுரு சார்.

வெங்கடலட்சுமியின் சிலேட்டுக்குச்சி கிரீச்சிட்டது. "இருநூத்தி எண்பது சார்!"

"சபாஷ்! ஓடிப்போயி பெரிய சார்ட்ட சொல்லு."

அவள் சிலேட்டோடு ஓடினாள். முத்துப்பேச்சி இன்னும் முதல் வரியையே தாண்டவில்லை. ஆனாலும் மனதில் ஏதோ உறுத்தியது. இருபத்தெட்டைப் பத்தால் பெருக்கினாலே இருநூற்று எண்பது. பத்துப் பள்ளிக்கே தீர்ந்துபோகுமே! மீதி ஒன்பது பள்ளி?

அடேயப்பா, வெங்கடலட்சுமி தப்பாகப் போட்டுவிட்டாள்! முத்துப்பேச்சிக்குச் சிரிப்புப் பொங்கியது. நாளைக்கு எல்லார் முன்னாலும் நன்றாக முழிக்கட்டும்!

வெயிலில் ஓடிக் களைத்து, வெறுங்கையோடு நிற்கப்போகும் பிள்ளைகளை நினைத்ததும் சிரிப்பு நின்றுபோனது. "இந்தா வாரேன் சார்!" என்று ஓடினாள்.

பெரிய சாரான தலைமையாசிரியரின் அறை வாசலில் வெங்கடலட்சுமியின் கையை எட்டிப் பிடித்தாள். "ஏ புள்ள, நில்லு! விடை தப்பு."

"போடி, ஒனக்குப் பொறாம."

"ஆமா, பொறாமதான். கணக்கும் தப்புதான். பத்துப் பள்ளிக்கூடத்துக்கே இருநூத்தி எண்பது ஆயிருது. இருபதுன்னா ஐநூத்தி அறுபது. பத்தொம்போதுக்கு அதுல கொஞ்சந்தான கொறையணும்?"

வெங்கடலட்சுமி சிலேட்டைப் பார்த்தாள். இரண்டாவது வரியை ஓர் இடம் தள்ளி எழுத மறந்திருந்தாள். முகம் சுண்டிப்போனது. அழித்துத் திருத்திவிட்டு உள்ளே போனாள். முத்துப்பேச்சியும் பின்னாலேயே போனாள்.

"ஐநூத்தி முப்பத்திரெண்டு சார்."

"கெட்டிக்காரி!" என்றார் தலைமையாசிரியர். முத்துப்பேச்சிக்கு மறுபடியும் வயிறு எரிந்தது.

"நான் பாதிதான் சார் சொல்ல வந்தேன். முத்துப்பேச்சிதான் தப்பைக் கண்டுபுடிச்சா" என்றாள் வெங்கடலட்சுமி.

"அப்படியா! நல்ல வேல செஞ்சம்மா" என்றவர், பஸ் ஹாரன் கேட்டதும் வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடினார்.

திரும்பி வரும்போது வெங்கடலட்சுமி சிலேட்டிலிருந்த கணக்கையே பார்த்துக்கொண்டு வந்தாள். வகுப்பு வாசலில் நின்று மெல்லச் சொன்னாள்:

"எனக்கு ஏன்டி அப்படி யோசிக்கத் தோணல? ஒம்மேல பொறாமையா இருக்கு."

முத்துப்பேச்சிக்கு உச்சி குளிர்ந்துபோனது. "இன்னொரு தடவ சொல்லு!" என்றாள்.