அத்தர் வணிகன் அல்-பைதார்

பொருநை நதி கடலோடு கலக்கும் காயல் துறையில், மேற்கே செவ்வானம் மங்கும் முன்பே பூரணச் சந்திரன் எழுந்து, நங்கூரமிட்ட மரக்கலங்களின் பாய்மரங்களுக்கு வெள்ளி முலாம் பூசத் தொடங்கிய அந்த இன்பமான வேளையில், நமது கதாநாயகன் மஸ்ஊது அல்-பைதார் மட்டும் பாண்டியரின் குதிரைக் கொட்டாரத்தில் வெடவெடவென்று நடுங்கிக்கொண்டிருந்தான். கோட்டைத் தலைவர் வில்லவராயரின் மகள் செங்கமலநாச்சியிடம் மனத்தைப் பறிகொடுத்து, அதைச் சொல்லத் துணிவில்லாமல், இன்றைய கப்பலில் ஊருக்கே ஓடிவிடத் தீர்மானித்திருந்தவனை வீரர்கள் வழியிலேயே பிடித்து இழுத்து வந்துவிட்டார்கள். எதிரே அரசரின் குதிரை வயிறு உப்பிப் படுத்துக் கிடந்தது.

"குதிரை எழ வேண்டும். இல்லையேல் உமது தலை தரையில் உருளும்!" என்றார் வில்லவராயர்.

"ஐயா, அடியேன் அத்தர் விற்பவன்!"

"அல்-பைதார் என்றால் அரபியில் குதிரை வைத்தியர் என்று பொருளாமே?"

"பொருள் அதுதான். பாக்தாதில் அந்தத் தொழிலைச் செய்தவர் என் பாட்டனாரின் பாட்டனார். எங்கள் நாட்டில் முன்னோரின் தொழில் சந்ததிக்கெல்லாம் பெயராக ஒட்டிக்கொள்ளும். பெயர் வந்தது, வித்தை வரவில்லை! கொல்லர் என்று பெயர் தாங்கியவர் எங்கள் தெருவில் பேரீச்சம்பழம் விற்கிறார்."

"பெயரை மட்டும் வைத்துக்கொண்டு தொழிலை விட்டுவிடுவதா? என்ன அநியாயம்! வைத்தியத்தைப் பாரும், ஓய்!"

அன்பு வாசகர்களே, கப்பலில்கூடக் குதிரைகளுக்கு எதிர்க்கோடியில் படுத்துறங்கும் மனிதன் அவன்! அஞ்சி அஞ்சிப் பின்வாங்கியவன் தீவனத் தொட்டியில் கையை ஊன்றினான். கையெல்லாம் நெய் மணத்தது.

"இது என்ன?"

"ஆட்டுக்கறியும் நெய்ச்சோறும். அரசர் அமுது செய்வதை அவர் ஏறும் குதிரைக்கும் படைப்பது அரச மரியாதை."

மஸ்ஊதுக்குப் போன உயிர் திரும்பியது. "புல் தின்னும் பிராணியை விருந்து வைத்தே கொன்றுவிடுவீர்கள் போலிருக்கிறதே! மரியாதையை அப்பால் எடுத்து வையுங்கள். குதிரையை எழுப்பி நடக்க விடுங்கள்!"

வீரர்கள் முட்டுக்கொடுத்து எழுப்பி முற்றத்தைச் சுற்றி நடத்தினார்கள். திடீரென்று குதிரை நின்றது, வாலைத் தூக்கியது, வாயுவை விட்டது. அந்த முழக்கத்தைக் கேட்டு, பகைவர் வந்துவிட்டார்கள் என்று மதில் காவலன் போர்ச்சங்கையே ஊதிவிட்டான். குதிரையோ சாவகாசமாகப் புல்லைக் கடிக்கத் தொடங்கியது.

வில்லவராயர் மஸ்ஊதைக் கட்டித் தழுவினார். அவன் திமிறிக்கொண்டு துறைக்கு ஓட, வேல்கள் குறுக்கே வந்தன.

"எங்கே ஓடுகிறீர்? இன்று முதல் நீர் அரண்மனைக் குதிரை வைத்தியர்!" என்று கூறிவிட்டு, அரசருக்குச் செய்தி சொல்ல விரைந்தார்.

கண்ணெதிரே கப்பல் பாய் விரித்துப் போயிற்று. மஸ்ஊது பெருங்குரலெடுத்து அழுதான்.

"அழாதீர்கள்." தூண் மறைவிலிருந்து செங்கமலநாச்சி வந்தாள். "தங்கள் பெயரின் பொருளைத் தந்தையிடம் சொன்னவள் நான்தான். அத்தர் வணிகரென்றால் போக விட்டுவிடுவார். வைத்தியரென்றால் விடமாட்டார் அல்லவா?"

"அம்மணி, என் தலை போயிருக்குமே!"

"அதை..." என்று நாக்கைக் கடித்துக்கொண்டாள், "நான் யோசிக்கவில்லை."

மஸ்ஊதின் அழுகை சிரிப்பாக மாறியது. எட்ட நின்றபடியே கையை நீட்டிக் குதிரையின் பிடரியில் வைத்தான். "இதன்மீது ஆணை! என் பெயருக்குரிய வித்தையைக் கற்றுத் தேர்ந்து, தங்கள் தந்தையிடமே வந்து தங்களைக் கேட்பேன்!"

"மகிழ்ச்சி," என்றாள் செங்கமலநாச்சி. "இப்போது கண்ணைத் திறந்துகொண்டு ஒருமுறை ஆணையிடுங்கள்."