பாவாடையைப் பொசுக்கியது யார்?

எனக்குக் கோபம் வந்தால் காது சூடாகிவிடும். அந்த ஞாயிற்றுக்கிழமை இரண்டு காதும் கொதித்தன.

காரணம் வரதன் அண்ணன்தான். உத்திரமேரூர் கடைத்தெருவில் எங்கள் அத்தா ஃபேன்ஸி ஸ்டோர் வைத்திருக்கிறார். பக்கத்தில் வரதன் அண்ணனின் தையல் கடை. தைத்த துணிகளை இரண்டு கடைகளுக்கும் முன்னால் ஓடும் கயிற்றில் மாட்டி வைப்பார். அன்று காலை, எங்கள் கடைப் பக்கம் தொங்கிய கருநீலப் பாவாடை கருகியிருந்தது.

"பாய், உங்க பொண்ணு பண்ண வேலைய வந்து பாருங்க" என்று தெருவுக்கே கேட்கும்படி கத்தினார். "தீபாவளிக்குக் குடுக்க வேண்டிய பாவாடை. பொசுக்கி வச்சிக்கீறா."

"நான் இல்ல" என்றேன்.

"வேற யாரு? நேத்து பசங்களோட ஓலவெடி வெடிச்சிக்கினு இருந்தியே. இப்போ கடையில தனியா இருந்ததும் நீதான்."

டீக்கடையிலும் எஸ்.டி.டி. பூத்திலும் இருந்தவர்கள் என்னையே பார்த்தார்கள். அத்தா குனிந்து, "உண்மைய சொல்லிடு சனோபரு. அடிக்க மாட்டேன்" என்றார்.

அதுதான் ரொம்ப வலித்தது. நான்தான் செய்தேன் என்று அவரே முடிவு கட்டிவிட்டார்.

"நான் இல்லன்னு சொல்றேன்ல?"

"வூட்டுக்குப் போ. இனிமே கடைக்கு வர வேணாம்" என்றார் அத்தா.

நான் போகவில்லை. கடை வாசலிலேயே முறைத்துக்கொண்டு நின்றேன். தூணில், முந்தின நாள் அத்தா மாட்டிய புதுச் சவரக் கண்ணாடி தெருவைப் பார்த்துத் தொங்கியது. யார் மேலோ இருந்த கோபத்தில் அதைப் பார்த்து நாக்கைத் துருத்தினேன்.

கண்ணாடியில் நாக்கு மேலே இருந்தது, கண் கீழே இருந்தது. கிட்டே போனேன். முகம் நேராகி, பூசணிக்காய் போலப் பெரிதானது.

இது குழியாடி. அறிவியல் பாடத்தில் படித்திருக்கிறேன். தூரத்தில் இருப்பதன் பிம்பத்தைச் சின்னதாக, தலைகீழாகத் தன் முன்னால் விழவைக்கும். சூரியனும் தூரத்தில்தானே இருக்கிறது?

ஓடிப்போய்ப் பாவாடையைப் பார்த்தேன். வெடி பட்டிருந்தால் ஓட்டை விழுந்திருக்கும். இதில் கருகல் மெல்லிய கோடாகச் சாய்ந்து போயிருந்தது. அந்த நெருப்பு நகர்ந்து போயிருக்கிறது.

மறுநாள் காலை, வெயில் எங்கள் கடைக்குள் விழும் நேரத்துக்கு ஒரு வாளித் தண்ணீரோடு போய் நின்றேன்.

"வரதண்ணே, அதே எடத்துல ஒரு துண்டுத் துணிய நீங்களே மாட்டுங்க. நான் தொட மாட்டேன்."

"இன்னா வித்தை காட்டப் போற?" என்று சிரித்துக்கொண்டே கருப்புத் துணி ஒன்றை மாட்டினார்.

நான் தெருவில் இறங்கி, கையைப் பின்னால் கட்டிக்கொண்டேன். துணியில் ஒரு வெளிச்சப் பொட்டு விழுந்தது. கண் கூசியது.

"அது இன்னாம்மா?" என்று அத்தா கேட்டார்.

"சூரியன். அதோட பிம்பத்தை இந்தக் கண்ணாடி குட்டியாக்கித் துணி மேல போட்டுக்கினு கீது. வெயிலோட சூடெல்லாம் அந்தப் பொட்டுல கீது."

துணி புகைந்தது. பொட்டு மெதுவாக நகர, பின்னாலேயே கருப்புக் கோடும் வந்தது. வரதன் அண்ணனின் சிரிப்பு நின்றுபோனது. அத்தா பாய்ந்து கண்ணாடியைத் திருப்ப, நான் துணி மேல் தண்ணீரை ஊற்றினேன்.

வரதன் அண்ணன் என் காதருகே வந்து, "தப்பா சொல்லிட்டேன் பாப்பா, மனசுல வச்சிக்காத" என்று முணுமுணுத்தார்.

"கத்துறப்போ தெருவுக்கே கேட்டுச்சு. இது எனக்கே சரியா கேக்கல. அதே மாதிரி சத்தமா சொல்லுங்க."

அவர் அத்தாவைப் பார்த்தார். "பொண்ணு கேக்கறது நியாயம்தான் வரதா" என்றார் அத்தா.

"நீங்களும் சேர்ந்து சொல்லணும், அத்தா."

அத்தாவுக்கு முகம் சுருங்கிவிட்டது. ஆனாலும் செருப்பை மாட்டிக்கொண்டு தெருவில் இறங்கினார். வரதன் அண்ணனும் பக்கத்தில் போய் நின்றார்.

"பாவாடைய சனோபர் பொசுக்கல. கண்ணாடிதான் பொசுக்கிச்சு" என்று இருவரும் சேர்ந்து சொன்னார்கள்.

"இன்னா? இன்னொரு வாட்டி சொல்லு" என்றார் டீக்கடைக்காரர்.

அந்த வாட்டி அத்தாவின் குரல்தான் பெரிதாகக் கேட்டது.