துளையிடாத பாஸ்போர்ட்

"எங்க அக்கா பாஸ்போர்ட்ட யாரோ எடுத்துட்டாங்க" என்று சொல்லிவிட்டுத்தான் பெல்மா நாற்காலியில் உட்கார்ந்தாள்.

இலோய்லோ நகரத்து வணிக வளாகத்தின் மூன்றாம் மாடியில் பாஸ்போர்ட் அலுவலகம் இருக்கிறது. அதற்கு வெளியே, கழிப்பறைக்குப் போகிற வழியில், ஹெர்மினியா நொப்லேசாவின் கடை. கடை என்றால் ஒரு மேசை, ஒரு ஜெராக்ஸ் இயந்திரம், நாலு நாற்காலி. ஹெர்மினியா இருபத்தெட்டு வருஷம் அந்த அலுவலகத்துக்குள் உட்கார்ந்து காகிதங்களைச் சரிபார்த்தவர். ஓய்வு பெற்ற பிறகு வெளியே உட்கார்ந்து விண்ணப்பம் நிரப்பிக் கொடுக்கிறார். காணாமல் போனதைக் கண்டுபிடித்துக் கொடுப்பார் என்று ஊரில் ஒரு பேச்சு உண்டு. பேச்சு உண்மைதான்.

அவரிடம் வேலை பார்க்கும் ஜொவெலினுக்கு இருபத்து நாலு வயது. குடும்பத்திலேயே முதல் பட்டதாரி. பட்டச் சான்றிதழைப் பதினேழு இடங்களுக்கு ஜெராக்ஸ் எடுத்து அனுப்பினாள். பதினெட்டாவதாக ஜெராக்ஸ் எடுக்கிற வேலையே கிடைத்தது.

"எப்பத்துலருந்து காணும்?" என்றார் ஹெர்மினியா.

"வியாழக்கிழம ராத்திரி எல்லாத்தையும் இந்தப் பைக்குள்ள வெச்சு அலமாரியில பூட்டுனோம் மேடம். நேத்து மத்தியானம் பாத்தா பை இருக்கு, பாஸ்போர்ட் இல்ல. திங்கக்கிழம காலையில ஒம்பது மணிக்கு எங்களுக்கு நேரம் குடுத்திருக்காங்க. இத விட்டா அடுத்த நேரம் எப்பக் கிடைக்குமோ. இருபத்திரண்டு வருஷமா வெளிநாட்டுல வீட்டு வேல பாக்குற அக்கா, இப்பத்தான் லீவுல வந்திருக்கு. இன்னும் இருபத்து நாலு நாள்ல சிங்கப்பூர் பிளைட்."

பழைய பாஸ்போர்ட்டைக் காட்டினால் புதுப்பித்தல் சாதாரண வேலை. விண்ணப்பம், முகப்புப் பக்கத்தின் நகல், விரல் ரேகை, அங்கேயே ஒரு போட்டோ. பழையதில் துளை போட்டுத் திருப்பித் தருவார்கள், சில நாளில் புதியது வந்துவிடும். பழையது தொலைந்துவிட்டால் கதை வேறு. போலீஸ் அறிக்கை, உறுதிமொழிப் பத்திரம், பிறகு வாரக்கணக்கில் காத்திருப்பு. சிங்கப்பூர் வீட்டுக்காரர்கள் அதுவரை காத்திருக்க மாட்டார்கள். வேறு ஒருத்தியை வரவழைத்துக்கொள்வார்கள். நார்சிசா என்ற ஐம்பத்தொரு வயதுப் பெண்ணின் வேலை போய்விடும். அந்த வேலையில்தான் ஒரு வீடே நின்றுகொண்டிருந்தது.

ஹெர்மினியா பையைப் பிரித்தார். பிறப்புச் சான்றிதழ். முகப்புப் பக்கத்தின் நகல். இதற்கு முன்னால் காலாவதியான இரண்டு பாஸ்போர்ட்டுகள், துளை போட்டவை. நிரப்பிய விண்ணப்பம். எழுத்து முத்து முத்தாக இருந்தது. ஒரே ஒரு வரி மட்டும் காலி. 'அவசரத்துக்குத் தகவல் சொல்ல வேண்டியவர்.'

"இத மறந்துட்டாங்களா?"

"அக்காவா? அது எதையும் மறக்காது மேடம். அப்புறம் எழுதுறேன்னு சொல்லுச்சு."

"அலமாரிச் சாவி?"

"சாமி படத்துக்குப் பின்னாடி ஆணியில தொங்கும். எல்லாருக்கும் தெரியும். நான், அக்கா, அக்கா வீட்டுக்காரர் அர்செனியோ, மக மைக்கா. நாலு பேர்தான் வீட்டுல. தேடாத இடமில்ல. அரிசிப் பானை, மெத்தை, சேவல் கூண்டு எல்லாம் பாத்தாச்சு. அக்கா பொட்டியக் கூட ரெண்டு தடவ தலகீழாக் கொட்டிட்டேன். துண்டு, சோப்பு, தைலம், மூணு நைட்டி, நாப்கின் பாக்கெட், ஜெபமாலை, கருவாட்டுப் பொட்டலம், அடியில ஒரு காலர் சட்ட. அவ்ளோதான்."

ஜொவெலின் ஏற்கெனவே பையைத் தோளில் மாட்டியிருந்தாள். "புருஷந்தான் மேடம்" என்றாள் மெல்ல. "இல்லன்னா மக."

"பாக்காமலே தீர்ப்பா?"

"இருபத்திரண்டு வருஷமா தூரத்துல இருக்குற பொம்பள. மக புடிச்சு வெச்சுக்கத்தான் பாப்பா. நானா இருந்தா எரிச்சே போட்டிருப்பேன்."

"நீயா இருந்தான்னுதான் எல்லாரும் தப்புக் கணக்குப் போடுறாங்க" என்று எழுந்தார் ஹெர்மினியா.

வீடு நகரத்தை விட்டு அரைமணி நேரத் தூரம். பளிங்குத் தரை, மாடி, இரும்புக் கதவு. கூடத்தில் நார்சிசாவின் போட்டோ ஒன்று, கண்ணாடிச் சட்டத்துக்குள், டிவிக்கு மேலே. செத்துப் போனவர்களுடைய போட்டோவை மாட்டுகிற உயரத்தில் மாட்டியிருந்தார்கள். போட்டோவுக்குக் கீழே அதே நார்சிசா உயிரோடு நின்று, மகளின் வெள்ளை நர்சிங் சீருடைக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். பக்கத்தில் புருஷனின் சட்டைகள், தங்கையின் பாவாடை, தலையணை உறைகள் கூட மடித்து அடுக்கியிருந்தன.

"ஒக்காருங்க. மின்விசிறியத் திருப்பி விடட்டா? எனக்குத்தான் வேர்த்துக் கொட்டுது" என்றாள் நார்சிசா. "மாசா மாசம் வர்றது நின்னு மூணு வருஷமாச்சு. அதுக்குப் பதிலா இந்தச் சூடு வந்து ஒக்காந்துக்கிச்சு."

"எனக்கு ஏழு வருஷம் இருந்துச்சு. பழகிக்கணும்" என்றார் ஹெர்மினியா.

"சிங்கப்பூர்ல நான் பாத்துக்குற கிழவிக்கு எம்பத்தாறு வயசு. நான் ஃபேன் போட்டா, ஒனக்கென்ன சமஞ்ச கொமரின்னு நெனப்பான்னு திட்டும்."

அவள் சிரித்தாள். வீட்டில் வேறு யாரும் சிரிக்கவில்லை, கேட்டதாகவும் தெரியவில்லை.

மைக்கா கைபேசியோடு மாடியிலிருந்து வந்தாள். "அம்மா, பசிக்குது" என்றாள். நார்சிசா இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுத் திரும்பினாள். பெல்மா அதற்குள் அடுப்படிக்குப் போயிருந்தாள். கூப்பிட்டது பெல்மாவைத்தான். பெற்றவளுக்கு அந்த வீட்டில் பெயர் 'மம்மி'.

நார்சிசா மறுபடியும் இஸ்திரிப் பெட்டியை எடுத்தாள். ஜொவெலினுக்குக் காது சிவந்தது.

ஹெர்மினியா எல்லாரையும் கூடத்தில் உட்கார வைத்தார்; நார்சிசா மட்டும் மேசைக்கு நேரே நின்று இஸ்திரியைத் தொடர்ந்தாள். சேவல் ஒன்றைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டே அர்செனியோ வந்தான். சண்டைச் சேவல், அதற்குத் தனிக் கூண்டு, தனித் தீனி. ஹெர்மினியா தன் கைப்பையைத் திறந்து, ஒரு பாஸ்போர்ட்டை எடுத்து மேசைமேல் வைத்தார்.

அர்செனியோ துள்ளி எழுந்தான். சேவல் அலறிக்கொண்டு பறந்தது. "கெடச்சிருச்சா? எங்க இருந்துச்சு?"

"மாதாவே" என்று பெல்மா நெஞ்சில் சிலுவை போட்டாள். மைக்கா கைபேசியைக் கீழே வைத்தாள். அன்று அவள் அதைக் கீழே வைத்தது அந்த ஒரு தடவைதான்.

"மன்னிச்சுக்குங்க. இது அந்தப் பையில இருந்த பழசு, துளை போட்டது. இடத்த ஒதுக்கத்தான் வெளிய எடுத்தேன்" என்றார் ஹெர்மினியா. மூன்று முகங்களும் தொங்கின.

"சரி, ஒரே ஒரு கேள்வி. கெடைக்கலன்னா என்ன பண்ணப் போறீங்க?"

"எனக்குத் தெரிஞ்ச போலீஸ்காரர் இருக்காரு. அறிக்கைய இன்னிக்கே வாங்கிரலாம்" என்றான் அர்செனியோ.

"ஏஜென்சிக்கு நான் போன் பண்ணிட்டேன். பத்து நாள் தள்ளி வந்தா ஒத்துக்குவாங்களான்னு கேட்டிருக்கேன்" என்றாள் பெல்மா.

"எனக்கு இன்னும் ரெண்டு செமஸ்டர் இருக்கு மம்மி. எப்பிடியாவது பண்ணுங்க" என்றாள் மைக்கா.

நார்சிசா சீருடையின் காலரை மடித்தாள். மடிப்பு சரியில்லை என்று பிரித்து மறுபடியும் மடித்தாள்.

"ஒங்க பொட்டிய ஒரு தடவ பாக்கலாமா?" என்று கேட்டார் ஹெர்மினியா. "நீங்க, நான், இந்தப் பொண்ணு. மத்தவங்க இங்கயே இருங்க."

அறைக்குள் போனதும் ஜொவெலின் கதவைச் சாத்தினாள். பெட்டி கட்டிலின்மேல் திறந்தே கிடந்தது. ஹெர்மினியா அதைத் தொடவில்லை. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்தார்.

"பாஸ்போர்ட் எடுத்தவங்களுக்கு என்ன லாபம்னு மொதல்ல யோசிச்சேன்" என்றார் நிதானமாக. "விக்க எடுத்திருந்தா வெளியாள். வெளியாள் சாவிய மறுபடியும் ஆணியில மாட்டிட்டுப் போக மாட்டான். வீட்டாள்னா, நீங்க போகக் கூடாதுன்னு நெனைக்கிற ஆளாத்தான் இருக்கணும். அது யாருன்னு பாக்கத்தான் அந்தப் பழச மேசையில வெச்சேன்."

"எல்லாருந்தான் பதறுனாங்களே மேடம்" என்றாள் ஜொவெலின்.

"மூணு பேர் பதறுனாங்க. அவங்ககிட்ட அது இருந்தா பதற மாட்டாங்க, மேசையில இருக்குறது அது இல்லன்னு தெரிஞ்சிருக்கும். நார்சிசாவும் மேசைக்கு நேராத்தான் நின்னாங்க. தலைய நிமித்தவே இல்ல. வேலையே போகப் போற பொம்பள, பாஸ்போர்ட் கெடச்சிருச்சான்னு புருஷன் கத்துறான், இஸ்திரிய நிறுத்தல. ஏன்னா அது இங்க இருக்குன்னு அவங்களுக்குத் தெரியும்."

ஜொவெலின் நார்சிசாவைத் திரும்பிப் பார்த்தாள்.

"அதுக்கு முன்னாடியே ஒரு சந்தேகம். வீட்டுல தலையணை உறை வரைக்கும் இஸ்திரி போட்டாச்சு. திங்கக்கிழம போட்டோவுக்குப் போட வேண்டிய காலர் சட்டை மட்டும் பொட்டிக்குள்ள அடியில கசங்கிக் கெடக்கு. போகணும்னு நெனைக்கிறவங்க அதத்தான மொதல்ல எடுப்பாங்க?"

"எங்க இருக்கு மேடம் அப்போ?" என்றாள் ஜொவெலின். "பெல்மா அக்கா ரெண்டு தடவ கொட்டுனாங்களே."

"கொட்டுனா. பிரிக்கல. பொம்பளையாச்சே, அந்தப் பாக்கெட்ட எதுக்குப் பிரிப்பா?" ஹெர்மினியா நார்சிசாவைப் பார்த்தார். "மாசா மாசம் வர்றது நின்னு மூணு வருஷம் ஆனவங்க பொட்டியில நாப்கின் எதுக்கு?"

மின்விசிறி ஒரு சுற்று திரும்பிப் போய் வந்தது. நார்சிசா பெட்டிக்குள் கை விட்டு அந்தப் பாக்கெட்டை எடுத்தாள். ஒட்டின ஓரத்தை நகத்தால் நீக்கினாள். நடுவில், இரண்டு பஞ்சுப் பட்டைகளுக்கு இடையே, பாஸ்போர்ட் இருந்தது.

"மொத மொத வேல பாத்த வீட்டுல போனதுமே பாஸ்போர்ட்ட வாங்கிப் பூட்டி வெச்சுக்குவாங்க" என்றாள். "கைச் செலவுக்கு வெச்ச காசு, தங்கச்சி எழுதுன கடுதாசி, எதுவா இருந்தாலும் இதுக்குள்ளதான் ஒளிச்சு வெப்போம். எந்த வீட்டு அம்மாவும் இதப் பிரிக்க மாட்டா. எங்கள மாதிரிப் போற எல்லாருக்கும் தெரியும். கை தானா இங்கதான் போச்சு."

"எதுக்குக்கா?" என்றாள் ஜொவெலின். "போக வேணாம்னா போகலன்னு சொல்ல வேண்டியதுதானே?"

"போக வேணாம்னு இல்லடி." நார்சிசா பாஸ்போர்ட்டைத் துணியால் துடைத்தாள். "தொலஞ்சு போச்சுன்னு சொல்லிப் பாப்போம்னு தோணுச்சு. சரி விடு, இருந்துட்டுப் போன்னு யாராச்சும் ஒருத்தர் சொல்வாங்களான்னு. வேற ஒண்ணும் வேணாம். ஒரு வாட்டி சொன்னாப் போதும். சொல்லியிருந்தா அடுத்த நிமிஷம் நானே எடுத்துக் குடுத்துட்டுக் கெளம்பியிருப்பேன்."

"ரெண்டு நாளாத் தேடுறாங்க" என்றார் ஹெர்மினியா.

"ஆமா. நல்லாத் தேடுனாங்க."

ஜொவெலின் கதவுப் பிடியில் கை வைத்தாள். "நான் போயி நாலு வார்த்த கேக்குறேன் மேடம். இந்தத் தரை, இந்த மாடி, அந்தச் சேவலு..."

"கைய எடு" என்றார் ஹெர்மினியா. "கண்டுபிடிச்சத யாருக்குச் சொந்தமோ அவங்ககிட்டதான் குடுக்கணும். குடுத்தாச்சு. இனிமே அவங்க பாடு."

நார்சிசாவே கதவைத் திறந்தாள். "கெடச்சிருச்சு. பொட்டி உள்துணிக்குள்ள சொருகியிருந்துச்சு" என்றாள்.

வீடே பெருமூச்சு விட்டது. பெல்மா அழுதாள். அர்செனியோ, "நான் அப்பவே சொன்னேன்ல, நல்லாப் பாருன்னு" என்றான். மைக்கா ஓடி வந்து நார்சிசாவைக் கட்டிப் பிடித்துக்கொண்டாள். அந்த விடுமுறையில் அதுதான் முதல் தடவை. நார்சிசாவின் கைகள் என்ன செய்வதென்று தெரியாமல் கொஞ்ச நேரம் பக்கவாட்டில் தொங்கின. பிறகு மெதுவாக மகளின் முதுகைத் தொட்டன. மேசை துடைக்கிற மாதிரி ஒரு முறை தடவின.

இருவரும் கடைக்குத் திரும்பினார்கள். வண்டியை விட்டு இறங்கும்போது ஜொவெலின், "நான் தப்பாச் சொன்னேன் மேடம். மக புடிச்சு வெச்சுப்பான்னு நெனச்சேன்" என்றாள்.

"நார்சிசாவும் அப்பிடித்தான் நெனச்சிருக்காங்க" என்றார் ஹெர்மினியா.

திங்கட்கிழமை எட்டரை மணிக்கு நார்சிசா கடைக்கு வந்தாள். காலர் சட்டை கத்தி மாதிரி மடிப்போடு இருந்தது. தோட்டைக் கழற்றி, முடியைக் காதுக்குப் பின்னால் ஒதுக்கியிருந்தாள். புதுப்பிக்க வருகிறவர்களுக்குச் சொல்ல வேண்டிய எதையும் அவளுக்குச் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

"தனியாவா வந்தீங்க?" என்றாள் ஜொவெலின்.

"அவருக்குச் சேவலு. மைக்காவுக்கு டூட்டி. பெல்மா சமைக்கிறா."

ஹெர்மினியா விண்ணப்பத்தை மேலிருந்து கீழே படித்தார். எல்லாம் சரி. அந்த ஒரு வரி இன்னும் காலியாகத்தான் இருந்தது. பேனாவை நீட்டினார்.

"இத நெரப்பாம வரிசையில நின்னா திருப்பி அனுப்புவாங்கம்மா."

நார்சிசா பேனாவை வாங்கி, காகிதத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். வரிசை நகர்ந்தது.

"என் பேர எழுதுங்கக்கா" என்றாள் ஜொவெலின் திடீரென்று. "சத்தியமாத்தான். எழுதுங்க."

"முந்தாநாள்தான்டி நீ என்னையே பாத்த." நார்சிசா சிரித்தாள். "படிச்ச பொண்ணு, நாளைக்கே நல்ல வேல கெடச்சு வேற ஊரு போயிருவ. வேணாம்."

அவள் குனிந்து எழுதினாள். முத்து முத்தான எழுத்தில், ஒரு சீனப் பெயர், சிங்கப்பூர் முகவரி, பன்னிரண்டாம் மாடி, தொலைபேசி எண். எதையும் பார்க்காமல், மனப்பாடமாக.

"அந்தக் கிழவியா?" என்றாள் ஜொவெலின். "எம்பத்தாறு வயசு. அதுக்குத் தகவல் சொல்லி என்ன ஆகப் போகுது?"

"தேடும்" என்றாள் நார்சிசா. காகிதத்தைப் பைக்குள் வைத்தாள். "காலையில கஞ்சி வரலன்னா, இவ எங்க தொலஞ்சான்னு திட்டிக்கிட்டே அறை அறையாத் தேடும்."

உள்ளே அவள் எண்ணைக் கூப்பிட்டார்கள்.