வைக்கோல் மெத்தை

திரையில் டூயி மாடி ஜன்னலிலிருந்து விழுந்த பிறகும் காட்சி முடியவில்லை.

ஹார்லனுக்கு முதலில் உறுத்தியது அதுதான். டூயி தரையைத் தொடும் முன்பே வெட்டிவிட்டதாக ஓப்பல் சொல்லியிருந்தாள். படங்களை வெட்டி ஒட்டுகிறவள் அவள். இப்போது பக்கத்து இருக்கையில் குலுங்கிக் குலுங்கிச் சிரித்துக்கொண்டிருந்தாள்.

டூயி நடித்த கடைசிப் பேசாப்படம். வெளியிடும் முன் லாஸ் ஏஞ்சலிஸில் ஒரு சின்னக் கொட்டகையில் பகல் காட்சியாகப் போட்டுப் பார்த்தார்கள். வறுத்த வேர்க்கடலை வாசனை, சுருட்டுப் புகை, திரைக்குப் பக்கத்தில் பியானோ, அத்தனைக்கும் மேலே அலை அலையாகச் சிரிப்பு. ஆறு வருஷமாக ஹார்லனும் சிரிப்புப் படங்களில் முகத்தில் கேக் வாங்கியிருக்கிறான், படிக்கட்டில் உருண்டிருக்கிறான். அவனுக்கு ஒரு நாளும் இப்படி யாரும் சிரித்ததில்லை. டூயி தொப்பியைத் தொட்டாலே போதும். செத்தும் சிரிக்க வைக்கிறானே, பாவி. ஹார்லனுக்கு வயிறு எரிந்தது.

இந்தக் காட்சியை எடுத்த அன்று ஜன்னலுக்குக் கீழே, கேமராவில் விழாத இடத்தில் போட்டிருந்த வைக்கோல் மெத்தையை இழுத்து நகர்த்தியது ஹார்லன்தான். கால் ஒடிந்தால் போதும் என்றுதான் நினைத்தான். டூயி அசையாமல் கிடந்ததும் நடிப்பென்று எல்லோரும் சிரித்தார்கள். கேமராக்காரர் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருந்தார், ரத்தம் தெரியும்வரை.

திரையில் டூயி இன்னும் கிடந்தான்.

"இதை நீ வெட்டலையா, ஓப்பல்?"

"பேசாம பாருங்க. அடுத்து உங்க காட்சிதான்."

"இந்தப் படத்துல நான் எங்க இருக்கேன்?"

அவள் திரையைக் காட்டினாள். பியானோ நின்றது. டூயி எழுந்தான். தலை ஒரு தோளில் தொங்கியது. தொப்பியைத் தட்டிப் போட்டுக்கொண்டான். நேராக ஹார்லனைப் பார்த்து விரலால் கூப்பிட்டான்.

வேர்க்கடலை வாசனை போய்விட்டது. சிரிப்பும் கேட்கவில்லை. காலடியில் அதே மாடி ஜன்னல் சட்டம். ஹார்லனின் கைகள் படத்து ஆட்களின் கைகள் போலச் சாம்பல் நிறத்தில் இருந்தன.

கீழே டூயி மெத்தையை இழுத்துக்கொண்டிருந்தான். மெதுவாக.

ஹார்லன் கத்தினான். வாய் மட்டும் அசைந்தது.

எதிரே இருட்டு. வரிசை வரிசையாகத் திறந்த வாய்கள். ஒரு காலி இருக்கை. பக்கத்தில் ஓப்பல், சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். கொட்டகை மொத்தமும் அவனைப் பார்த்துத்தான் சிரித்தது. ஒரு சத்தமும் அவனுக்குக் கேட்கவில்லை.

கால் வழுக்கியது.