இடம் மாறி ஓடிய ஆறு

பூண்டுலோயாவிலிருந்து, படம் எடுக்கும் பெண் நிலக்ஷி மடிக்கணினியோடு தெரேசா மிஸ்ஸியின் வீட்டுக்கு வந்து இறங்கியதும் மாயாண்டிக்கு உச்சி குளிர்ந்தது. ஓய்வுபெற்ற தாதி தெரேசா மிஸ்ஸி துப்பறிவதில் புலி என்றால், துணைப் புலி தான்தான் என்பது முன்னாள் பஸ் டிரைவரான அவருடைய தீர்மானம்.

"பழைய படச்சுருள்களை வெச்சு நாட்டு வரலாற்றைப் படமா செஞ்சிருக்கேன் மிஸ்ஸி. சாயந்தரம் தோட்டத்து மண்டபத்துல காட்டணும். அதுல, கொத்மலை அணை கட்டி நம்ம பழைய ஊரு தண்ணிக்குள்ள போறதுக்கு முந்தின திருவிழா ஒண்ணு வருது. அங்க நிக்கிறது தன்னோட அம்மான்னு நம்ம தோட்டத்து ராக்காயியம்மா சொல்றாங்க. அவங்ககிட்ட அம்மாவோட போட்டோகூடக் கெடையாது. கோயில் தலைவர் ஆண்டியப்பனோ ஆத்தைப் பாத்ததுமே, 'இது நம்ம ஊரே இல்ல, வெட்டிப்போடு'ன்னு எந்திரிச்சுப் போயிட்டாரு."

"ஏனாம்?"

"கோயிலைப் பாத்து நின்னா ஆறு இடப்பக்கம் ஓடணுமாம். படத்துல வலப்பக்கம் ஓடுது. பழைய வரைபடமும் அவர் பக்கந்தான்."

தெரேசா படத்தை ஓடவிட்டார். சத்தமில்லாத கறுப்பு வெள்ளை. தப்பு மேளம் அடிப்பவர்கள் ஆடினார்கள். பூசாரி திருநீறு கொடுக்க, பெண்கள் வரிசையாகக் கைநீட்டி வாங்கினார்கள்.

"அடேயப்பா! தப்படிக்கிற மூணு பேரும் இடதுகைக்காரங்க! இலங்கை பூராத் தேடினாலும் இப்படியொரு செட்டு கெடைக்காது!" என்று மாயாண்டி துள்ளினார்.

"நல்லாப் பாத்தீங்கண்ணே. வாங்க, மண்டபத்துக்குப் போவோம்."

மண்டபத்தில் ராக்காயி ஒரு மூலையில் ஒடுங்கியிருந்தார். ஆண்டியப்பன் முன்வரிசையில் கைகட்டி உட்கார்ந்திருந்தார். படம் ஓடி, திருநீறு கொடுக்கும் இடம் வந்ததும் தெரேசா அதை நிறுத்தினார்.

"தலைவரே, உங்க கோயில்ல யாராவது இடது கையில திருநீறு வாங்கினா?"

"கோபுரமே அதிரக் கத்துவேன்!"

"இங்க அத்தனை பேரும் இடது கையிலதான் வாங்குறாங்க. குடுக்குற பூசாரியும் இடது கைதான்."

மாயாண்டி நெற்றியில் அடித்துக்கொண்டதில் அவருடைய திருநீறே உதிர்ந்தது. ஞாயிறு தவறாமல் சர்ச்சுக்குப் போகிற மிஸ்ஸி கண்டதைத் தினம் திருநீறு பூசுகிற தான் காணவில்லையே!

"ஊரு சரிதான். கணினிக்கு மாத்துனவங்க சுருளைப் பின்பக்கமாப் போட்டுட்டாங்க. கண்ணாடியில தெரியிற மாதிரி எல்லாமே இடம் வலமாயிடுச்சு. திருப்பும்மா."

நிலக்ஷி மடிக்கணினியில் ஒரு தட்டுத் தட்டினாள். ஆறு துள்ளி இடப்பக்கம் வந்தது. ராக்காயி எழுந்து திரையருகே ஓடினார்.

"எங்கம்மாதான்! எல்லாரும் பாருங்க, எங்கம்மா!"

ஆண்டியப்பன் நாற்காலியைத் தள்ளிக்கொண்டு எழுந்தார். "அந்தா, பூசாரிக்குக் குடை பிடிக்கிறது எங்கப்பா! இதைப் போயி வெட்டச் சொன்னவன் எவன்டா?"

மண்டபம் சிரிப்பில் குலுங்கியது. அந்தக் காட்சியை அன்று நூற்றெட்டு முறை போட்டதாக மாயாண்டி சத்தியம் செய்வார். ராக்காயிக்கு அதுவும் போதவில்லை.