எண்பதாம் எண் பசி

வழக்கம்போலக் காலை ஒன்பது மணிக்கு இந்துஜாவின் பசியை நூற்றுக்கு எண்பதில் வைத்தார்கள். பிடரியில் பதித்திருந்த உணர்வூட்டியைத் தொழில்நுட்பக் கலைஞர் பெர்னார்ட் முடுக்கியதும் வயிறு சுருண்டது; கண் இருட்டியது. படப்பிடிப்பு தொடங்கியது.

2091இல் 'நிழல் மேடை' தொடரைப் பார்க்காத வீடே இல்லை. மாடல் அழகிகளைப் பட்டினி போட்டு வதைக்கும் ஒரு ஃபேஷன் நிறுவனத்தின் கதை. அதில் நாளுக்கு நாள் மெலியும் தாரிகாவாக இந்துஜா மூன்று ஆண்டுகளாக நடித்தாள். மற்றதெல்லாம் நடிப்பு, பசி மட்டும் நிஜம். தொடரின் விளம்பரமே அதுதான்.

ஒருநாள் மேடையிலேயே மயங்கி விழுந்தாள். இன்னும் ஆறு மாதம் இப்படிப் போனால் இதயம் தாங்காது என்றார் மருத்துவர். இயக்குநர் கோவர்த்தனனிடம் போனாள்.

"சார், என்னால முடியல. தாரிகாவக் கொன்னுடுங்க."

"ஜனங்க விடமாட்டாங்கம்மா. ஒண்ணு பண்ணலாம். உன்ன மாதிரியே அச்சு அசலா ஒரு இயந்திரம் செஞ்சுக்கறோம். நீ வீட்டுக்குப் போ."

இவ்வளவுதானா! கெஞ்சுவதற்கென்று மனப்பாடம் செய்து வந்ததெல்லாம் மறந்து, அங்கேயே உட்கார்ந்து அழுதாள். அன்று மாலையே உணர்வூட்டியை எடுத்துவிட்டார்கள்.

ஆறு வாரம் கழித்து, காலையில் அவள் மூன்றாவது தோசையை வடகறியில் தோய்த்துக்கொண்டிருந்தபோது அழைப்பு மணி அடித்தது. எதிர்வீட்டு எஸ்தர் அக்கா. தொடரின் ஒரு பகுதியைக்கூட விட்டவர் இல்லை. கண்கள் வீங்கியிருந்தன. கையில் கையெழுத்துப் பலகை.

"அந்த இயந்திரப் பொண்ணப் பாத்தியாம்மா? பச்சத் தண்ணிகூடக் குடுக்காம வாட்டி எடுக்கறானுங்க. பாக்கவே முடியல. தொடர நிறுத்தணும்னு அஞ்சு கோடிப் பேர் கையெழுத்துப் போட்டாச்சு. நீயும் போடு."

"அதுக்குப் பசியே தெரியாதுக்கா. எனக்குத்தான் நெஜமாவே பசிச்சுது."

"உனக்கென்ன, வேணாம்னா வேணாம்னு சொல்லிட்டு வந்துட்ட. அது வாயில்லா ஜீவனாச்சே!"

இந்துஜா கையைத் துடைத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டாள். எப்படியோ, இனி இன்னொரு பெண்ணை யாரும் எண்பதில் வைக்கமாட்டார்கள். அந்த நினைப்பே நெஞ்சுக்கு இதமாக இருந்தது.

மறுவாரம் தொடர் நின்றது. இயந்திரத்துக்குத் தனியாக ஒரு வீடு ஒதுக்கினார்கள். அங்கே மூன்று வேளையும் தூக்குச்சட்டியோடு கூட்டம் வரிசையில் நிற்கிறது.